ஷினோபு ஹஷிமோட்டோ ஊரில் இருந்தே திரைக்கதை கற்றாரா?

கேள்வி (திருமங்கலம்):
வணக்கம். மதுரையில் ஒரு நிறுவனத்தில் கணக்கு எழுதுகிறேன். போகவர ஆகும் பேருந்து நேரத்தில் திரைக்கதை எழுதிப் பார்க்கிறேன். சென்னைக்குப் போய் உதவி இயக்குநராகச் சேராமல் இது கைவராது என்கிறார்கள் நண்பர்கள். 'ராஷோமோன்' என்ற ஜப்பானியப் படத்துக்குத் திரைக்கதை எழுதிய ஷினோபு ஹஷிமோட்டோ வேறு வழியில் வந்தவர் என்று கேள்விப்பட்டேன். தெரிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி (செல்லூர்):
தம்பி, நீங்கள் கேள்விப்பட்டது சரிதான். 1918-ல் ஹியோகோ மாகாணத்தில் பிறந்த அவர், 1938-ல் படையில் சேர்ந்த சிறிது காலத்திலேயே காசநோய் கண்டு, சிகிச்சை இல்லத்தில் ஆண்டுக்கணக்கில் கிடந்தார். நம் தோப்பூர் காசநோய் ஆஸ்பத்திரியில் உறவினரை வைத்துப் பார்த்தவர்களுக்கு அந்தக் கிடப்பு எப்படிப்பட்டதென்று தெரியும். உடனிருந்த நோயாளி கொடுத்த சினிமாப் பத்திரிகையில் ஒரு திரைக்கதையைப் படித்தவர், இந்த அளவுக்குத் தம்மாலும் எழுத முடியும் என்று நினைத்து, நாட்டிலேயே சிறந்த திரைக்கதையாசிரியர் யார் என்று விசாரித்து, மன்சாகு இடாமிக்கே தாம் எழுதியதை அனுப்பிவைத்தார். இடாமி பதில் எழுதினார். 1946-ல் இறக்கும்வரை அவரே ஆசான். உங்களைப் போலவே ஹஷிமோட்டோவும் வேலைக்குப் போகும் ரயிலில் எழுதியவர். பிறகு எழுத்தாளர் அகுதாகவாவின் சிறுகதை ஒன்றை வைத்து எழுதிய பிரதி இயக்குநர் அகிரா குரோசாவாவிடம் போய், நீளம் போதாமல் அதே ஆசிரியரின் 'ராஷோமோன்' கதையும் சேர்ந்து, 1950-ல் படமாகி, மறு ஆண்டே வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்றது.

மறுமொழி (உசிலம்பட்டி):
செல்லூர் ஐயா சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். குரோசாவாவின் 'இகிரு', 'ஏழு சாமுராய்கள்' இரண்டு படங்களுக்கும் முதல் பிரதியை ஹஷிமோட்டோ தனியாக எழுதினார். அதன் பிறகே குரோசாவாவும் இன்னொரு திரைக்கதையாசிரியரான ஹிடேயோ ஒகுனியும் அவருடன் ஒரே இடத்தில் உட்கார்ந்து திருத்தி எழுதினார்கள். ஒகுனி அதிகம் எழுதவில்லை. மற்ற இருவரும் எழுதியதைப் படித்து, இது தேறும், இது தேறாது என்று சொல்வதே அவர் வேலை. முதல் பிரதி இல்லாமல் நேரடியாக எல்லோரும் கூடி எழுதத் தொடங்கியதைக் குரோசாவாவின் சறுக்கலாகவே பின்னாளில் ஹஷிமோட்டோ தம் நினைவுக் குறிப்புகளில் கருதினார். நம் கதை விவாதங்களில் எழுத்து பிறப்பதற்கு முன்பே பேச்சு முடிந்துவிடுவதைப் பார்த்து வருந்தியவன் என்ற முறையில், அவர் பக்கமே நிற்கிறேன். 1962-ல் இயக்குநர் கோபயாஷிக்காக அவர் எழுதிய 'ஹராகிரி' படத்தைப் பாருங்கள். முன்கதை ஒவ்வொரு முறை திறக்கும்போதும் எதிரில் இருப்பவரின் நிலை மாறிவிடும். ஆகவே ஊர் எது என்பதைவிட, உங்கள் எழுத்தை ஈவிரக்கமின்றிப் படிப்பவர் யார் என்று யோசியுங்கள்.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. செல்லூர் ஐயா, முடித்து வைத்திருக்கும் நாற்பது பக்கங்களை ஞாயிற்றுக்கிழமை நேரில் கொண்டுவந்து தரலாமா?