நான்கு வார ஓடிடி இடைவெளியும் காலியாகக் கிடக்கும் மதியக் காட்சிகளும்: பொறுப்பு யாருடையது?

(புனைபெயர்களில் நால்வர் எழுதிய விவாதம் இது. படம் திரைக்கு வந்து நான்கு வாரத்தில் ஓடிடி என்னும் இணையத் தளங்களில் வெளியாவதையே நான்கு வார இடைவெளி என்கிறார்கள்.)

கடைசி வரிசை:

பெரிய நடிகர் ஒருவரின் படம் எதிர்பார்த்தபடி ஓடவில்லை என்றால், "மக்கள் தியேட்டருக்கு வருவதையே விட்டுவிட்டார்கள்" என்ற புலம்பல் அடுத்த வாரமே தொடங்கிவிடுகிறது. 2024 நவம்பரில் அது ஒரு படி மேலே போனது. முதல் காட்சி முடிந்ததும் வாசலில் நின்று ரசிகர்களின் கருத்தைப் படம்பிடிக்கும் யூடியூப் சேனல்களைத் திரையரங்க வளாகத்துக்குள் விடக் கூடாது என்று தயாரிப்பாளர் தரப்பு கேட்டது. படம் வெளியான முதல் மூன்று நாட்களுக்கு விமர்சனமே வரக் கூடாது என்று உயர் நீதிமன்றம் வரை சென்றார்கள்; அப்படியொரு தடையை விதிக்க நீதிமன்றம் மறுத்துவிட்டது.

பார்வையாளரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் இந்தப் போக்கை நான் முற்றாக மறுக்கிறேன். அதே ஆண்டு பிப்ரவரியில் வந்த 'மஞ்ஞும்மல் பாய்ஸ்', தமிழ் நட்சத்திரம் எவரும் இல்லாத மலையாளப் படமாக இருந்தும், தமிழ்நாட்டில் மட்டும் 50 கோடி ரூபாய்க்கு மேல் வசூலித்தது. ஏப்ரலில், இருபது ஆண்டுகளுக்கு முன் வந்து தொலைக்காட்சியில் எண்ணற்ற முறை ஒளிபரப்பான 'கில்லி' மீண்டும் திரைக்கு வந்தபோது அரங்குகள் நிறைந்தன. செப்டம்பரில் புதிய இயக்குநரின் 'லப்பர் பந்து' வாய்வழிப் பாராட்டினாலேயே வாரக்கணக்கில் ஓடியது. வீட்டில் இலவசமாகப் பார்க்கக் கிடைக்கும் படத்துக்கே காசு கொடுத்து வருபவரைத் திரையரங்கை வெறுத்தவர் என்று எப்படிச் சொல்வது? அவர் தேர்ந்தெடுத்து வருகிறார். முதல் மூன்று நாட்களில் போட்ட பணத்தை எடுத்துவிட வேண்டும் என்ற கணக்கில் படமெடுப்பவர்களுக்கு அந்தத் தேர்வு பிடிக்கவில்லை, அவ்வளவுதான்.

மணிக்கூண்டு:

மாவட்டத் தலைநகர் ஒன்றில் இரண்டு தலைமுறையாக ஒற்றைத் திரை அரங்கு நடத்தும் குடும்பத்தைச் சேர்ந்தவன் நான். நீங்கள் சொன்ன மூன்று படங்களும் எங்கள் அரங்கில் ஓடியவைதான். அவற்றால் எங்களுக்கு நல்ல வருமானமும் வந்தது. ஆனால் ஓராண்டில் 200க்கும் மேற்பட்ட தமிழ்ப் படங்கள் வெளியாகும்போது மூன்று படங்களைக் காட்டி ரசிகர் நலமாக இருக்கிறார் என்று முடிவு கட்டுவது சரியாகாது. மீதி வாரங்களிலும் மின்கட்டணம் உண்டு, ஆபரேட்டருக்கும் டிக்கெட் கிழிப்பவருக்கும் சம்பளம் உண்டு.

நேரில் பார்ப்பதைச் சொல்கிறேன். முன்பெல்லாம் அரங்குக்கு வரும் தொலைபேசி அழைப்புகளில் "படம் எப்படி இருக்கிறது, டிக்கெட் கிடைக்குமா" என்று கேட்பார்கள். இப்போது பக்கத்துக் கடைக்காரர்கூட என்னிடமே "இது எந்த ஓடிடியில் வருகிறது?" என்று கேட்கிறார். கேட்பவர் படத்தை வெறுக்கவில்லை, நான்கு வாரம் காத்திருந்தால் வீட்டுக்கே வந்துவிடும் என்று தெரிந்து வைத்திருக்கிறார், அவ்வளவுதான். இந்தப் பழக்கம் தானாக வந்ததன்று. 2020 மே மாதம் 'பொன்மகள் வந்தாள்' நேரடியாக இணையத்தில் வந்ததைக்கூடப் பொதுமுடக்கக் காலம் என்று பொறுத்துக்கொள்ளலாம். 2021 ஜனவரி 13இல் திரைக்கு வந்த 'மாஸ்டர்', பாதி இருக்கைகளுக்கு மட்டும் அனுமதி இருந்த நிலையிலும் கூட்டத்தைத் திரும்ப அழைத்து வந்துகொண்டிருந்தபோதே, ஜனவரி 29இல் ஓடிடியில் வெளியானது. காத்திருந்தால் போதும் என்ற பாடத்தை ரசிகருக்குக் கற்பித்தது அன்றுதான். இந்திப் படங்களுக்குப் பெரிய மல்டிபிளக்ஸ் நிறுவனங்கள் எட்டு வார இடைவெளியைக் கட்டாயமாக்கியிருக்கின்றன. அதனால்தான் 2023இல் 'லியோ'வின் இந்திப் பதிப்பை அவை திரையிடவில்லை. தமிழுக்கு மட்டும் நான்கு வாரம் எதற்கு?

நெய்தல்:

காத்திருக்கும் அந்தக் குடும்பங்களில் என்னுடையதும் ஒன்று என்பதால் பார்வையாளர் பக்கத்து நியாயத்தைச் சொல்ல விரும்புகிறேன். சென்னை மல்டிபிளக்ஸில் ஒரு டிக்கெட்டுக்கு வரியெல்லாம் சேர்த்து 180 ரூபாய்க்கு மேல் என்று வைத்துக்கொள்ளுங்கள். நான்கு பேர் போனால், இணைய முன்பதிவுக் கட்டணம், வண்டி நிறுத்தும் கட்டணம், இடைவேளையில் பிள்ளைகள் கேட்கும் பாப்கார்ன் எல்லாம் சேர்ந்து, ஓடிடி தளம் ஒன்றின் பல மாதச் சந்தா ஒரே மாலையில் கரைந்துபோகிறது. இவ்வளவு செலவழித்து உட்கார்ந்த பிறகு, திரையில் தலை உருளுவதையும் ரத்தம் தெறிப்பதையும் பிள்ளையின் கண்ணை மூடிக்கொண்டு பார்க்க வேண்டியிருக்கிறது. யு/ஏ சான்றிதழை 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரித்துவிட்டார்கள் என்பது உண்மைதான். ஆனால் சுவரொட்டியில் அந்த எண்ணைத் தேடிக் கண்டுபிடிக்கவே பூதக்கண்ணாடி வேண்டும்.

இன்னொன்றையும் மணிக்கூண்டு அவர்கள் கவனிக்க வேண்டும். நல்ல படம் என்று கேள்விப்பட்டு, சிறு நடிகர்கள் நடித்த ஒன்றைப் பார்க்கச் சனிக்கிழமை மதியக் காட்சிக்குக் குடும்பத்தோடு போனோம். கவுன்ட்டரில் இருந்தவர் டிக்கெட் கொடுக்காமல், "பத்துப் பேராவது சேரட்டும்மா, கொஞ்சம் இருங்கள்" என்றார். எங்களோடு கல்லூரி மாணவர்கள் இருவரும் வயதான கணவன் மனைவியும் நின்றுகொண்டிருந்தார்கள். காட்சி நேரம் தாண்டிய பிறகு, இன்றைக்குக் காட்சி இல்லை, பக்கத்துத் திரையில் பெரிய படம் இருக்கிறது, வேண்டுமானால் அதற்குப் போங்கள் என்றார். அந்த முதியவர் ஒன்றும் பேசாமல் மனைவியை அழைத்துக்கொண்டு ஆட்டோ பிடிக்கப் போய்விட்டார். அவர் இனிமேல் எட்டு வாரம் அல்ல, எட்டு மாதம் இடைவெளி விட்டாலும் வீட்டில் காத்திருக்கத்தானே செய்வார்?

மணிக்கூண்டு:

அம்மா, உங்களுக்கு நேர்ந்தது வருத்தத்துக்குரியது. அப்படிச் செய்யும் அரங்குகள் இருப்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் அதற்குப் பின்னால் இருக்கும் கணக்கை மறைத்துப் பேச முடியாது.

நீங்கள் சொன்ன டிக்கெட் விலையில், வரி சேர்க்கும் முன்னுள்ள அடிப்படைக் கட்டணத்தின் உச்ச வரம்பு 150 ரூபாய் என்பது 2017 அக்டோபரில் அரசு நிர்ணயித்தது, அதுவும் மல்டிபிளக்ஸுக்கு. எங்களைப் போன்ற ஒற்றைத் திரைகளுக்கு அதைவிடக் குறைவு. அதற்குப் பிறகு மின்கட்டணம் உயர்ந்திருக்கிறது, புரொஜக்டருக்கு விளக்கு மாற்றும் செலவு உயர்ந்திருக்கிறது, வரம்பு மட்டும் நகரவில்லை. நட்சத்திரப் படம் என்றால் முதல் வார வசூலில் 70, சில வேளைகளில் 80 விழுக்காடு வரை விநியோகஸ்தர் எடுத்துக்கொள்கிறார். எஞ்சியதில் அரங்கு நடக்காது. பாப்கார்னும் வாகன நிறுத்தமும்தான் அரங்கின் கதவைத் திறந்து வைத்திருக்கின்றன. சென்னை அசோக் நகர் உதயம் போன்ற பெயர்பெற்ற அரங்கே 2024இல் மூடப்பட்டது. மனையின் விலை அரங்கின் வருமானத்தை விழுங்கிவிட்ட ஊரில், படம் காட்டிக்கொண்டிருப்பதே பிடிவாதத்தால்தான்.

படப்பெட்டி:

மதுரை ஏரியாவில் விநியோக அலுவலகம் ஒன்றில் நெடுங்காலம் வேலை பார்த்தவன் என்ற முறையில், நீங்கள் மூவரும் தொடாத இடத்தைத் தொடுகிறேன்.

படத்தின் ஆயுள் சுருங்கியதற்கு ஓடிடியை மட்டும் காரணம் சொல்வது பாதி உண்மை. 1944இல் வந்த 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே அரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது என்று இன்றும் பெருமையாகச் சொல்கிறோம். அந்தக் காலத்தில் பிரதிகள் மிகச் சில. ஒரு நகரத்துக்கு ஒன்றிரண்டு அரங்குகள்தான். பிரதி தேய்ந்து பி சென்டர் எனப்படும் சிறு நகரங்களுக்கும் அங்கிருந்து டூரிங் கொட்டகைக்கும் போகும்வரை படம் புதுப்படமாகவே இருந்தது. டிஜிட்டல் வந்தபின் படச்சுருள் பெட்டி என்ற பொருளே இல்லாமல் போயிற்று. மாநிலத்தில் ஆயிரத்துச் சொச்சம் திரைகள் இருக்க, பெரிய படம் ஒன்று முதல் நாளே அவற்றில் பெரும்பகுதியைப் பிடித்துக்கொள்கிறது. பார்க்க நினைத்தவர் எல்லாரும் பத்தே நாளில் பார்த்துவிட முடிகிறது. நூறு நாள் ஓட்டத்தைத் தொழில்நுட்பமும் வெளியீட்டு முறையும் சேர்ந்து முடித்து வைத்தன. ரசிகர் அதற்குப் பொறுப்பல்லர்.

இரண்டாவது, பட்ஜெட். 2021, 2022 ஆண்டுகளில் ஓடிடி நிறுவனங்கள் போட்டி போட்டு வாங்கிய விலையை நிரந்தர வருமானமாக நினைத்து நாயகர்களின் சம்பளத்தை உயர்த்திக்கொண்டார்கள். பிறகு அந்த நிறுவனங்கள் கையை இறுக்கின. சம்பளம் மட்டும் இறங்கவில்லை. படத்தின் செலவில் பாதியை ஒருவர் சம்பளமே விழுங்கும்போது, கதைக்கும் எழுத்துக்கும் ஒத்திகைக்கும் என்ன மிஞ்சும்? அந்தச் சுமை எம்.ஜி. (மினிமம் கேரண்டி, அதாவது படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் தர வேண்டிய குறைந்தபட்சத் தொகை) என்ற பெயரில் விநியோகஸ்தர் தலையிலும், அட்வான்ஸ் என்ற பெயரில் அரங்கு உரிமையாளர் தலையிலும் இறங்கி, கடைசியில் முதல் நாள் டிக்கெட்டை நிர்ணயித்த விலைக்கு மேல் விற்பதாகப் பார்வையாளரிடம் போய்ச் சேருகிறது. 2024 ஜூலையில் தயாரிப்பாளர் சங்கக் கூட்டம் சம்பளத்தைக் கட்டுப்படுத்த வேண்டும், முன்னணி நடிகர் படங்களுக்கு எட்டு வார இடைவெளி வேண்டும் என்றெல்லாம் தீர்மானம் போட்டது. தீர்மானத்தில் கையெழுத்திட்டவர்களே அடுத்த படத்துக்கு அதே சம்பளம் பேசினால் அந்தக் காகிதத்துக்கு மதிப்பில்லை.

மூன்றாவது, என்னை மிகவும் உறுத்துவது. நாம் எதை வைத்து இதையெல்லாம் வாதிடுகிறோம்? படத்தின் உண்மையான வசூல் தமிழ்நாட்டில் யாருக்கும் அதிகாரபூர்வமாகத் தெரியாது. நூறு கோடி, இருநூறு கோடி என்று சுவரொட்டி அடிக்கிறார்கள். அதே படத்துக்கு விநியோகஸ்தர் பணத்தைத் திருப்பிக் கேட்டு நிற்கிறார். கேரளத்தில் தயாரிப்பாளர் சங்கம் 2025இல் மாதந்தோறும் எந்தப் படத்துக்கு எவ்வளவு செலவு, தியேட்டர் பங்காக எவ்வளவு வந்தது என்று வெளியிடத் தொடங்கியது. பல படங்களின் வண்டவாளம் தண்டவாளம் ஏறியது. இங்கே அதைச் செய்யாதவரை ரசிகர் வந்தாரா வரவில்லையா என்ற கேள்விக்கே பதில் கிடையாது.

கடைசி வரிசை:

படப்பெட்டி ஐயா சொன்ன வசூல் வெளிப்படைத்தன்மையை முழுமனதோடு ஆதரிக்கிறேன். ஆனால் எட்டு வாரத்தை எல்லாப் படங்களுக்கும் ஒரே சட்டமாக்குவதில் எனக்கு உடன்பாடு இல்லை. சிறு படம் ஒன்று வெள்ளிக்கிழமை வெளியாகி, திங்கட்கிழமை எல்லாத் திரைகளிலிருந்தும் தூக்கப்பட்டுவிடுகிறது. அதற்குப் பிறகு எட்டு வாரம் அந்தப் படம் எங்கே இருக்கும்? அரங்கிலும் இல்லை, இணையத்திலும் இல்லை, திருட்டுத் தளத்தில் மட்டும் இருக்கும். 2023இல் திருத்தப்பட்ட ஒளிப்பதிவுச் சட்டம் மூன்று ஆண்டு வரை சிறை என்று சொன்னாலும், சட்டபூர்வமாகப் பார்க்க வழியில்லாத இடத்தில்தான் திருட்டு வேர்பிடிக்கிறது. எந்த அரங்கு ஒரு படத்தை எட்டு வாரம் காட்ட ஆயத்தமாக இருக்கிறதோ அது எட்டு வார இடைவெளியைக் கேட்கட்டும். மூன்றே நாளில் தூக்கிவிட்ட படத்தின் மேல் அரங்குக்கு என்ன உரிமை?

மணிக்கூண்டு:

கேட்க நியாயமாகத்தான் தெரிகிறது, நடைமுறையில் நிற்காது. சில படங்களுக்கு ஒரு வாரம், சிலவற்றுக்கு எட்டு வாரம் என்றால், எது எப்போது வரும் என்று தெரியாத ரசிகர் எல்லாப் படங்களுக்கும் காத்திருப்பார். முதலில் அடிபடுவது நீங்கள் காப்பாற்ற நினைக்கும் சிறு படமே. அதோடு சிறு படம் திங்கட்கிழமை தூக்கப்படுவதற்கு அரங்கை மட்டும் குறை சொல்லாதீர்கள். விளம்பரத்துக்கென்று ஒரு ரூபாய் ஒதுக்காமல், ஒரே வெள்ளிக்கிழமையில் ஏழு எட்டுப் படங்களை இறக்குவது யார்? எங்கள் ஊரில் படம் வந்திருப்பதே தெரியாதவரிடம் அது நல்ல படமா என்று எப்படிக் கேட்பது? இன்னொன்று, நட்சத்திரப் படங்களை இழிவாகப் பேசும் தொனி எனக்கு உடன்பாடில்லை. பொங்கலுக்கும் தீபாவளிக்கும் அந்தப் படங்கள் நிரப்பும் அரங்கில்தான் மற்ற மாதங்களில் புதியவரின் படம் ஓட ஒரு திரை மிஞ்சுகிறது.

நெய்தல்:

அந்தத் திரையைச் சிறு படத்துக்கு உண்மையிலேயே கொடுக்கிறீர்களா என்பதே என் கேள்வி. 2025 செப்டம்பர் முதல் 100 ரூபாய் வரையான டிக்கெட்டுக்கு ஜிஎஸ்டி 5 விழுக்காடுதான். அதற்கு மேல் போனால் 18. புதிய தமிழ்ப் படங்களுக்கான உள்ளாட்சிக் கேளிக்கை வரியையும் அதே ஆண்டில் பாதியாகக் குறைத்துவிட்டார்கள். அப்படியிருக்க, நட்சத்திரம் இல்லாத படத்துக்கும் நட்சத்திரப் படத்துக்கும் ஒரே விலை எதற்கு? வார நாட்களில் சிறு படத்துக்கு 100 ரூபாய்க்குள் டிக்கெட், எத்தனை பேர் வந்தாலும் காட்சி ரத்தாகாது என்ற உறுதி, இவை இரண்டும் இருந்தால் நான் ஓடிடிக்குக் காத்திருக்க மாட்டேன்.

மணிக்கூண்டு:

விலையைப் பொறுத்தவரை உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. அரசு நிர்ணயித்தது உச்ச வரம்பைத்தான். குறைத்து விற்பதைச் சட்டம் தடுக்கவில்லை. நட்சத்திரப் படத்துக்குக் குறைத்தால் விநியோகஸ்தர் ஒப்புக்கொள்ள மாட்டார், சிறு படத்துக்கு அந்த நெருக்கடி கிடையாது. ரத்தாகாது என்ற உறுதியை நான்கு காட்சிகளுக்கும் தர என்னால் இயலாது. ஐந்து பேருக்காக ஏசியை ஓட்டினால் அன்றைய மின்செலவுக்கே கையிலிருந்து போட வேண்டும். மாலைக் காட்சி ஒன்றுக்கு மட்டும், அதுவும் படத்தின் தயாரிப்பாளர் முதல் வாரத்தில் மின்செலவைப் பகிர்ந்துகொள்வதாக எழுதிக் கொடுத்தால், தர முடியும். அப்படி எழுதிக் கொடுக்க முன்வரும் தயாரிப்பாளர் இருக்கிறாரா என்பதைப் படப்பெட்டி ஐயாதான் சொல்ல வேண்டும்.

படப்பெட்டி:

கேட்டால் சிலர் கொடுப்பார்கள். முன்பு விபிஎஃப் என்ற டிஜிட்டல் திரையிடல் கட்டணத்தை யார் கட்டுவது என்ற தகராறில் 2018 மார்ச்சில் தொடங்கி ஒன்றரை மாதத்துக்கும் மேலாகப் புதுப்படமே வெளியிடாமல் இருந்த தயாரிப்பாளர்கள், மின்செலவில் பங்கு என்றதும் முதலில் முகம் சுளிக்கத்தான் செய்வார்கள். அந்த மாலைக் காட்சியின் டிக்கெட் கணக்கை அன்றிரவே அவர்களுக்கு அனுப்பிவிடுவதாக நீங்கள் எழுதிக் கொடுங்கள். அதை எழுதிக் கொடுத்தால், அவர்களிடம் நானே பேசிப் பார்க்கிறேன்.