வீட்டு முகப்புக்குக் கல் ஒட்ட ‘அஞ்சு உருண்டை’ போதுமா?

கீழவாசல் கேட்டது:

இடம் கடலூர், கடலிலிருந்து ஒன்றரை கிலோமீட்டர். தரைத்தளமும் ஒரு மாடியும். கைப்பிடிச் சுவரோடு சேர்த்து 24 அடி உயரம். தூணும் பீமுமாக எழுப்பிய கட்டடம், இடையில் 9 அங்குலச் செங்கல் சுவர். தெற்கும் மேற்குமாக முகப்பு மொத்தம் 620 சதுர அடி. பூச்சு 1:5 கலவையில் முடிந்து ஐந்து மாதம் ஆகிறது, மேலே ஒரு கோட் பிரைமர் அடித்திருக்கிறது.

தரையிலிருந்து மூன்றடிக்குக் கடப்பா, அதற்கு மேல் தோல்பூர் மணற்கல் என்று முடிவு செய்திருக்கிறோம். 20 மி.மீ. கனம், 2×1 அடித் துண்டுகள். கல்லின் பின்னால் சிமெண்ட் பால் தடவி, நாலு மூலைக்கும் நடுவுக்கும் ஒவ்வொரு உருண்டை கலவை வைத்துத் தட்டி ஒட்டிவிடலாம் என்கிறார் மேஸ்திரி. மேல் வரிசைகளுக்குக் கல்லில் துளை போட்டு, கட்டுக்கம்பி விட்டு ஆணியில் கட்டிவிடுவாராம். இன்ஜினியர் கிளாம்ப் (கல்லைச் சுவரோடு பிடிக்கும் உலோகப் பிடி) போடச் சொல்கிறார். கல் கடையில், இடைவெளியே விடாமல் ஒட்ட ஒட்ட வைத்தால்தான் அழகு என்கிறார்கள். யார் சொல்வதைக் கேட்பது? முன்பக்கக் காம்பவுண்ட் 40 அடி நீளம், 5 அடி உயரம். அதற்கும் இதே கல்லை ஒட்டலாமா?

கரணை எழுதியது:

உருண்டையை முதலில் மறந்துவிடுங்கள். ஐந்து உருண்டை வைத்தால் 2×1 கல்லின் முதுகில் பாதிகூடச் சுவரைத் தொடாது. மீதி வெற்றிடம். மழைத் தண்ணீர் அதற்குள் இறங்கிவிட்டால் வெளியே வர வழி இல்லை, வெயில் ஏறும்போது கல் வழியாகத்தான் ஆவியாகும். சிமெண்டில் கரைந்த உப்பையும் கூடவே முகத்துக்கு இழுத்து வரும். வெளிர்நிறக் கல் முகப்பில் துண்டுக்கு ஐந்து வட்டமாக ஈரத்தடம் தெரிகிறதே, அது இந்த உருண்டைகளின் நிழல்தான்.

கட்டுக்கம்பி இன்னும் மோசம். கடல் பக்கத்தில் அது துருப்பிடித்து உப்பும்போது துளையைச் சுற்றிக் கல் விரியும். அதற்கு முன்பே பழுப்புக் கறை இறங்க ஆரம்பித்துவிடும்.

உருண்டைக்குப் பதில், கல் ஒட்டுவதற்கென்று மூட்டையில் வரும் சிமெண்ட் பசையால் ஒட்டுங்கள். அதை வாங்கும்போது மூட்டையில் ‘சி2டிஇ எஸ்1’ (C2TE S1) என்று அச்சிட்டிருக்கிறதா பாருங்கள். ‘சி2’ என்றால் சதுர சென்டிமீட்டருக்குச் சுமார் 10 கிலோ இழுவையாவது தாங்கும், ‘டி’ என்றால் ஒட்டிய கல் கீழே வழுக்காது, ‘இ’ என்றால் தடவிய பிறகு கல் வைக்கக் கொஞ்சம் கூடுதல் நேரம் கிடைக்கும். ‘எஸ்1’ என்பது வெயிலில் கல் விரிந்து சுருங்கும்போது பசை கொஞ்சம் வளைந்து கொடுக்கும் என்பதற்கு. முகப்புக்கு இந்தக் கடைசி எழுத்து முக்கியம்.

இங்கேதான் பலரும் கோட்டை விடுகிறார்கள். 20 மி.மீ. மணற்கல் சதுர அடிக்கு 4.3 கிலோ வரும். உங்கள் முகப்பில் தொங்கப்போவது ஏறக்குறைய 2.7 டன். அதைத் தாங்குவது பசை என்று நினைக்கிறோம். உண்மையில் தாங்குவது பசைக்குப் பின்னால் இருக்கும் பூச்சு, பூச்சுக்கு மேல் நீங்கள் அடித்த பிரைமர். பிரைமர் மீது ஒட்டினால் என்ன விலைப் பசையாக இருந்தாலும் பிரைமரோடு சேர்ந்து உரிந்து வரும். கிரைண்டரில் சுரண்டி முழுசாக எடுங்கள். பிறகு சுத்தியல் காம்பால் ஓர் அடிக்கு ஒரு தட்டு தட்டிக்கொண்டே போங்கள். பொள்ளென்று சத்தம் கேட்கும் இடத்தை வட்டம் போட்டு உடைத்து, 1:4 கலவையில் திரும்பப் பூசி 28 நாள் விடுங்கள். ஆணியால் அழுத்திக் கீறினால் மணலாகக் கொட்டுகிற பூச்சு என்றால் ஒட்டுப்போட்டுப் பயனில்லை, மொத்தமாக எடுத்துவிட வேண்டியதுதான். செங்கல்லும் பீமும் சேருமிடத்தில் பூச்சுக்குள் கோழிவலை இருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள்.

ஒட்டும் வேலைக்கு 10 மி.மீ. பல் வைத்த கரண்டி. சுவரில் ஒரே திசையில் சீவி, கல்லின் முதுகிலும் 1 மி.மீ. அளவுக்கு வழித்துத் தடவி, கல்லைக் கோடுகளுக்குக் குறுக்காக அசைத்து அழுத்தினால் கோடுகள் படுத்துவிடும். இருபது கல்லுக்கு ஒன்றை அப்போதே பிடுங்கிப் பாருங்கள். முதுகில் நூற்றுக்கு 95 பங்கு பசை அப்பியிருக்க வேண்டும். கனம் 6 மி.மீ. என்று வைத்தால் சதுர மீட்டருக்கு 9 கிலோ, உங்கள் பரப்புக்குச் சேதாரத்தோடு 20 கிலோ மூட்டை 28 முதல் 30 வரை ஆகும். வெளிர்நிறக் கல் என்பதால் வெள்ளைப் பசையே வாங்குங்கள், சாம்பல் நிறப் பசை மணற்கல்லில் நிழலடிக்கும்.

மேற்குச் சுவரைக் காலையில் முடித்துவிட வேண்டும். மதிய வெயிலில் பத்தே நிமிடத்தில் பசைமேல் ஆடை கட்டிவிடும். விரல் வைத்துப் பாருங்கள், விரலில் ஒட்டவில்லை என்றால் வழித்துக் குப்பையில் போடுங்கள். தண்ணீர் தெளித்து உயிர் கொடுக்கும் வழக்கம் சைட்டில் உண்டு, அதற்கு இடம் கொடுக்கவே கூடாது.

கல்லறுப்பு எழுதியது:

கரணை சொன்னதோடு ஒன்று. அறுத்து வரும் கல்லின் முதுகில் அறுப்புச் சேறு காய்ந்து மாவாக ஒட்டியிருக்கும். கம்பி பிரஷ் போட்டுக் கழுவி, ஒருநாள் காயவிட்டு ஒட்டணும். பசை கல்லைப் பிடிக்கணும், மாவைப் பிடிக்கக் கூடாது.

விழுந்த கல்லைப் பார்த்தே காரணம் சொல்லிடலாம். கல் முதுகு சுத்தமா இருந்து, சுவரில் பசைக்கோடு கலையாமல் நின்றால் ஆடை கட்டின பிறகு ஒட்டியிருக்காங்க. முதுகில் பசையோட அச்சு பதிஞ்சு, மேலே வெள்ளை மாவு இருந்தா கழுவலை. பூச்சும் சேர்ந்து பெயர்ந்து வந்தா பூச்சு சரியில்லை. பசையே நடுவில் பிளந்து பாதி இங்கே பாதி அங்கே நின்றால், தண்ணீர் அதிகம் ஊற்றியிருக்காங்க இல்லாட்டி மூட்டை பழசு.

இப்ப உங்க கல் தேர்வுக்கு வர்றேன். தோல்பூர் நல்ல கல்தான், டெல்லி ராஷ்டிரபதி பவனில் இருக்கிற கல். ஆனா டெல்லிக்குக் கடல் கிடையாது. மணற்கல் தண்ணீர் குடிக்கும். உப்புத் தண்ணீர் துளைக்குள்ள போய்க் காயும்போது உப்பு படிகமாகி உள்ளிருந்து நெட்டும், மேல்பரப்பு பொடுகு மாதிரி உதிரும். மாமல்லபுரம் கடற்கரைக் கோயில் கருங்கல். அதையே உப்புக்காற்று முகம் தெரியாமல் தேய்ச்சிருக்கு.

வாங்கும் முன்னாடி ஒரு சோதனை பண்ணுங்க. கடையில் 1×1 அடித் துண்டு ஒன்று வாங்கி இரண்டு நாள் வெயிலில் காய வச்சு எடை போடுங்க, 4.3 கிலோ வாக்கில் இருக்கும். இரண்டு நாள் தண்ணீரில் முழுக வச்சு, மேலே துடைச்சுட்டுத் திரும்ப எடை. 130 கிராமுக்கு மேல கூடினால், அதாவது நூற்றுக்கு மூன்று பங்கு, உங்க ஊருக்கு அந்தக் கல் வேண்டாம். நல்ல கிரானைட்டில் இந்தக் கணக்கு நூற்றுக்கு 0.4-ஐத் தாண்டாது. இன்னொரு துண்டை உப்புக் கரைசலில் இரவு ஊற வச்சுப் பகலில் காய வைங்க, பதினைந்து தடவை. விரலால் தேய்ச்சா மாவு வருதான்னு பாருங்க.

என் யோசனை, மேற்கே மட்டுமாவது வெளிர் சாம்பல் கிரானைட், லெதர் பினிஷ் (தோல் மாதிரி லேசா மேடுபள்ளமான மேல்பரப்பு). எடை சதுர அடிக்கு 5 கிலோ ஆகும், அவ்வளவுதான் வித்தியாசம். ஆனா முதுகில் நெட் ஒட்டின கிரானைட் தலையில் கட்டிவிடப் பார்ப்பாங்க. பாலிஷ் போடும்போது உடையாமல் இருக்க எபாக்சிங்கிற பிசினை ஊற்றி ஒட்டின வலை அது. சிமெண்ட் பசை அதைப் பிடிக்காது. நெட்டைக் கிரைண்டரில் எடுக்கணும், இல்லாட்டி எபாக்சிப் பசைக்குப் போகணும்.

கடப்பா சுண்ணாம்புக் கல் வகை. ஒரு சொட்டு பாத்ரூம் ஆசிட் விட்டா நுரைக்கும். அதனால கடைசியில் ‘ஆசிட் வாஷ்’ பண்ணுவோம்னு மேஸ்திரி வந்தா கையைப் பிடிச்சுத் தடுங்க, கறுப்பு போய்ச் சாம்பல் பூத்திடும். கிரானைட்டுக்கும் ஆசிட் வேண்டாம், கல்லுக்குள்ள இருக்கிற இரும்பு துருப்பொட்டா வெளியே வரும்.

தூக்குக்குண்டு எழுதியது:

பசை மட்டும் போதும் என்ற தொனியில் மேலே போய்க்கொண்டிருக்கிறது. 10 அடி வரைக்கும் ஒப்புக்கொள்கிறேன். அதற்கு மேல், கீழே ஆள் நடக்கிற இடத்தில், எட்டரைக் கிலோ கல்லைப் பசையின் பொறுப்பில் மட்டும் விடக் கூடாது. ஒட்டியவருக்கு அன்று கைவலி என்றால்கூடப் போதும்.

அதேசமயம் இன்ஜினியர் சொல்லும் கிளாம்ப் எது என்று கேட்டுக்கொள்ளுங்கள். கல்லுக்குப் பின்னால் காற்றிடம் விட்டு, கிளாம்பே முழு எடையையும் தாங்கும் உலர் முறை என்றால் 30 மி.மீ. கல் வேண்டும். 20 மி.மீ. கல்லின் விளிம்பில் 6 மி.மீ. துளை போட்டால் இரண்டு பக்கமும் 7 மி.மீ. தான் மிஞ்சும், துளையில் செருகும் கிளாம்ப் கம்பியை இறுக்கும்போதே சிலும்பு தெறிக்கும். உங்களுக்குத் தேவை பசையோடு சேர்ந்த காப்புப் பிடி. கல்லின் மேல்விளிம்பில் முதுகுப் பக்கமாக ஒரு சின்ன வெட்டு, அதில் உட்காரும் தகட்டுக் கொக்கி, சுவரில் திருகாணி. கல்லுக்கு இரண்டு. எஸ்.எஸ். (துருப்பிடிக்காத எஃகு) 316 வகைதான் வாங்க வேண்டும், உங்கள் ஊர்க் காற்றில் 304 வகையில் துருப்புள்ளி விழும். காந்தம் வைத்துப் பார்த்து இரண்டையும் பிரிக்க முடியாது, பில்லில் 316 என்று எழுதி வாங்குங்கள். திருகாணி செங்கல்லின் உடம்பில் இறங்கட்டும், இணைப்புக் கலவையில் வேண்டாம்.

முதல் மாடி பீம் மட்டத்தில் அதே 316-இல் ஒரு எல் ஆங்கிள் (எல் வடிவ உலோகச் சட்டம்) ஓடவிட்டு பீமில் ஆங்கர் போல்ட் அடியுங்கள். மேல் மாடிக் கற்களின் எடை அதில் உட்காரும். ஆங்கிளுக்குக் கீழே 10 மி.மீ. இடைவெளி விட்டு அதை சீலண்டால் (ரப்பர் போல நெகிழும் அடைப்பு) மட்டும் அடைக்க வேண்டும். அங்கே சிமெண்ட் வைத்தால் ஆங்கிள் போட்டும் பிரயோஜனமில்லை, மேல் எடை நேரே கீழ்க் கல்லில் இறங்கிவிடும்.

ஒட்ட ஒட்ட வைப்பது பற்றி: மேற்குச் சுவரில் கல் இரவுக்கும் பகலுக்கும் 40 டிகிரி ஏறி இறங்குகிறது என்று வையுங்கள். 3 மீட்டர் ஓட்டத்துக்குக் கிரானைட் ஒரு மில்லிமீட்டர் நீளும். அந்த ஒரு மில்லிமீட்டருக்குப் போக இடமில்லாவிட்டால் நடுவில் இரண்டு கல் கூடாரம் போல எழும்பி நிற்கும். கல்லுக்குக் கல் 3 மி.மீ. விடுங்கள், மூன்று மீட்டருக்கு ஒன்று 8 மி.மீ. அந்த அகலமான இணைப்பில் நியூட்ரல் வகை சிலிக்கோன் சீலண்ட் மட்டும், அதிலும் கல்லுக்கென்று கறைபடாத வகை. வினிகர் வாடை அடிக்கிற மலிவு டியூப் கடப்பாவை அரிக்கும், மணற்கல்லில் எண்ணெய்ப் பிசுக்குக் கோடு போடும்.

கைப்பிடிச் சுவரின் தலையை மூடாமல் மற்றதெல்லாம் செய்தும் பலனில்லை. மேலே 40 மி.மீ. வெளியே நீட்டிய மூடுகல், அதன் அடியில் விளிம்பிலிருந்து 15 மி.மீ. உள்ளே தள்ளி நீளவாக்கில் ஒரு காடி (சின்னப் பள்ளம்). தண்ணீர் அந்தக் காடியோடு சொட்டிவிடும், கல்லின் முதுகுக்குப் போகாது. கீழே கடப்பா தரையைத் தொடக் கூடாது, 2 அங்குலம் தூக்கி நிறுத்துங்கள்.

பளபளக்கிற லாக்கர் அடிக்கவே வேண்டாம், உள்ளே ஈரம் மாட்டிக்கொண்டு தோலாக உரியும். சைலேன்-சைலாக்ஸேன் வகை, உள்ளே இழுத்துக்கொள்ளும் சீலர் போதும். அதையும் இணைப்புகள் காய்ந்து ஒரு வாரம் மழையில்லாத நாளில்.

கல்லறுப்பு எழுதியது:

காம்பவுண்டுக்கு யாரும் பதில் சொல்லலையே. செங்கல் சுவர் கட்டி அதுக்கு மேல கல் ஒட்டுறதுக்குப் பதிலா, கருங்கல்லிலேயே கட்டிடுங்க. 15 அங்குலக் கனம். 40×5 அடிக்கு 250 கன அடி வரும். குண்டுக்கல் 3 யூனிட் (யூனிட்டுக்கு 100 கன அடி), 1:6 கலவைக்கு சிமெண்ட் 12 மூட்டை, எம்-சாண்ட் 90 கன அடி.

கவனிக்க வேண்டியது ஒண்ணே ஒண்ணு. ஆட்கள் இரண்டு முகத்தையும் அழகாக அடுக்கிட்டு நடுவில் சல்லியும் கலவையும் கொட்டி நிரப்புவாங்க. பார்க்க ஒரே சுவர், நிஜத்தில் இரண்டு மெல்லிய சுவர். கொஞ்ச வருஷத்தில் வயிறு தள்ளும். இரண்டு முகத்தையும் தொடுற நீளக்கல் அரை சதுர மீட்டருக்கு ஒண்ணு, உங்க சுவருக்கு 37 கல். முதலிலேயே எண்ணித் தனியா அடுக்கி வச்சுடுங்க, சாயங்காலம் மிச்சம் எத்தனைன்னு பார்த்தா போதும். இணைப்பு 20 மி.மீ. தாண்டக் கூடாது, பெரிய சந்தில் சக்கையை (சின்னக் கல் சில்லு) கலவையோட அடிச்சு இறக்கணும். ஒரு நாளைக்கு இரண்டரை அடிக்கு மேல ஏத்த வேண்டாம்.

கீழவாசல் எழுதியது:

மிக்க நன்றி. மேற்குச் சுவரில் மாதிரிக்கு என்று மேஸ்திரி ஏற்கெனவே 40 சதுர அடி உருண்டை வைத்து ஒட்டிவிட்டார், தரையிலிருந்து ஆறடி வரை. கல்லோ அசையவில்லை. அதை அப்படியே விட்டு மேலே புது முறையில் போகலாமா?

கரணை எழுதியது:

எடுத்துவிடுங்கள். அசையாதது இன்றைக்கு. மேலே சுவரில் இறங்கும் தண்ணீர் அத்தனையும் அந்த வெற்றிடத்தில்தான் வந்து தங்கும். அதோடு உருண்டை வைத்த கல் சுவரிலிருந்து 20 மி.மீ. தள்ளி நிற்கும், பசையில் ஒட்டுவது 6 மி.மீ. தான், இரண்டும் சேரும் வரிசையில் படி விழும்.

எடுக்கும்போது கடப்பாரையால் நெம்பாதீர்கள். கிரைண்டரில் இணைப்பை அறுத்து, மேல் வரிசையிலிருந்து ஆரம்பித்து, கல்லுக்கும் சுவருக்கும் நடுவில் ரம்பத் தகடு விட்டு உருண்டைகளை ஒவ்வொன்றாக அறுத்தால் பாதிக்கு மேல் கல் முழுசாகக் கிடைக்கும். முதுகில் ஒட்டிய கலவையைத் தேய்த்து எடுத்துவிட்டு அவற்றையே உள்முற்றத்துக்கோ மாடிப்படிச் சுவருக்கோ வைத்துக்கொள்ளலாம், முகப்புக்குத் திரும்ப வேண்டாம்.