எஃப்.ஐ.ஆரில் பெயர் ஏறிய பிறகு நடந்தது

தங்கச்சிமடத்திலிருந்து எழுதுகிறேன். சில வருடங்களுக்கு முன், இலங்கைக் கடற்படை பிடித்துப்போன நம் ஆட்களை மீட்கச் சொல்லி ஊரே ரோட்டில் உட்கார்ந்தது. கல்யாண மண்டபத்தில் அடைத்து சாயங்காலம் விட்டுவிட்டார்கள். முடிந்தது என்றுதான் நினைத்தோம். எஃப்.ஐ.ஆரில் சில பெயர்கள், அப்புறம் 'மற்றும் பலர்'. பிரிவு இ.பி.கோ. 143 (சட்டவிரோதமாகக் கூடியது), 341 (வழிமறித்தது). ஒன்றுக்கு அதிகபட்சம் ஆறு மாதம், இன்னொன்றுக்கு ஒரு மாதம். அவ்வளவு சின்ன வழக்கு.

அதில் என் அக்கா மகன் பெயரும் இருந்தது. துபாய் வேலைக்கு பாஸ்போர்ட் போட்டபோது, விசாரணைக்கு வந்தவர் "கேஸ் நிலுவை" என்று எழுதிப் போய்விட்டார். பேசி முடித்த பெண் வீட்டிலும் "மாப்பிள்ளை மேல கேஸ் இருக்காமே" என்று தயங்கினார்கள். எஃப்.ஐ.ஆர். என்பது போலீஸ் பதியும் முதல் தகவல்தான். விசாரித்துக் குற்றப்பத்திரிகை போட்டு, அதை நீதிமன்றம் கோப்புக்கு எடுத்தால்தான் வழக்கு நிலுவை என்று உயர் நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது. பெண் வீட்டாருக்கு இதை யார் போய் விளக்குவது? அக்கா அந்த வருடம் கோயில் திருவிழாவுக்குக்கூட வெளியே வரவில்லை.

இரண்டு வருடமாகியும் குற்றப்பத்திரிகை வரவில்லை. ராமநாதபுரம் வக்கீல்தான் வழி சொன்னார். ஒரு வருடத்துக்கு மேற்படாத தண்டனையுள்ள குற்றமென்றால், ஒரு வருடத்துக்குள் போலீஸ் குற்றப்பத்திரிகை போட்டிருக்க வேண்டும் என்பது அப்போதைய சட்டம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 468-வது பிரிவு. அதற்குப் பதிலாக 2024 ஜூலையில் வந்த பி.என்.எஸ்.எஸ்.ஸில் 514, ஆனால் அதில் எஃப்.ஐ.ஆர். பதிந்த தேதியைத்தான் கணக்கில் எடுப்பார்கள். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் மனுப் போட்டு ரத்து வாங்கினோம். அதற்குள் துபாய் வேலை வேறொருவருக்குப் போயிருந்தது. பெண்ணுக்கும் வேறிடத்தில் கல்யாணம் ஆகிவிட்டது.

*

ஏர்வாடியிலிருந்து நான். மேலே தங்கச்சிமடத்து அண்ணன் சொன்னது நூற்றுக்கு நூறு உண்மை. என் வழக்கில் குற்றப்பத்திரிகையே போட்டுவிட்டார்கள். வாய்தா நாளில் கடலுக்குப் போக முடியாது, போகாதவனுக்குப் பங்கும் கிடையாது. வராமல் விட்டால் பிடிவாரண்டு. சாட்சி வரவில்லை, நீதிபதி விடுப்பு என்று தேதி தள்ளிக்கொண்டே போகும், நம் பிழைப்பு போனது போனதுதான். பாஸ்போர்ட் அவசரமென்றால் அந்த நீதிமன்றத்திலேயே அனுமதி கேளுங்கள். உத்தரவில் எத்தனை வருடத்துக்கு என்று எழுதி வாங்குங்கள், காலம் குறிக்காவிட்டால் ஒரு வருடத்துக்குத்தான் தருவார்கள்.