தெதாந்த்: பதற்றத் தணிவா, தணிப்பா, நாணிறக்கமா?

மொழிபெயர்ப்பாளர்:
குழுவினருக்கு வணக்கம். இளங்கலை அரசியல் பாடநூலின் பனிப்போர் இயலுக்குச் சொல்லடைவு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. பனிப்போர், இரும்புத்திரை, அணிசேரா நாடுகள் எல்லாம் முடிந்தன. 1970களில் அமெரிக்காவும் சோவியத்தும் பகையைத் தளர்த்திக்கொண்ட கொள்கையான தெதாந்த் மட்டும் நிற்கிறது. 'பதற்றத் தணிவு' என்றுதான் முதலில் எழுதினேன். ஆனால் 1962 கியூபா நெருக்கடி முடிந்ததற்கும் அதே சொல் வந்து விழுகிறது. அக்டோபர் 28 அன்று கியூபாவிலிருந்து ஏவுகணைகளைத் திரும்பப் பெறுவதாகச் சோவியத் தலைவர் குருஷ்சேவ் அறிவித்தது ஒன்று. 1972 மே 26 அன்று மாஸ்கோவில் அமெரிக்க அதிபர் நிக்சனும் சோவியத் தலைவர் பிரெஷ்னேவும் அணு ஆயுத வரம்புக்கான சால்ட் உடன்பாட்டில் கையெழுத்திட்டது வேறு. முன்னது சில நாள் நெருக்கடி, பின்னது பல ஆண்டுக் கொள்கை. இரண்டுக்கும் தனித்தனிச் சொல் வேண்டும்.

சொல்லாய்வாளர்:
வேரிலிருந்து வருவோம். பிரெஞ்சில் தெதாந்த் என்பது இழுத்துக் கட்டியதைத் தளர விடுவது; துப்பாக்கியின் விசைவில்லுக்கும் அதுவே பெயர். ஜெர்மனியில் எண்ட்ஷ்பானுங், வில்லை இழுத்து வளைப்பதற்கு வழங்கும் ஷ்பானன் என்ற வினையின் எதிர்ப்பதம். ரஷ்யர்கள் சொல்லும் ரஸ்ரியாத்காவின் வினை, துப்பாக்கியிலிருந்து குண்டை எடுப்பதற்கும் மின்கலத்தின் மின்னிறக்கத்துக்கும் பொது. மூன்றிலும் ஏற்றிய விசை இறங்குகிறது. நம்மிடம் நாணேற்றல் இருக்கிறது. எனவே 'நாணிறக்கம்'. வில் கையில் இருக்கிறது, அம்பு தூணியில் இருக்கிறது, நாண் மட்டும் இறங்கியிருக்கிறது. 1970களின் நிலையை இதைவிடத் துல்லியமாகச் சொல்ல முடியாது.

கல்லூரி ஆசிரியர்:
ஐயா, பொருள் அருமை. ஆனால் வகுப்பில் நிற்காது. நாண் என்றதும் மாணவருக்கு நினைவு வருவது குறளின் 102ஆம் அதிகாரம், நாணுடைமை. 'நாணிறக்கக் கொள்கை' என்று வினாத்தாளில் வந்தால் மானம் இழந்த கொள்கை என்றே படிப்பார்கள். கணக்கு வகுப்பிலோ நாண் என்பது வட்டத்துக்குள் வரையும் கோடு. தூய சொல் என்பதற்காக மூன்று பொருளுக்கு நடுவே மாணவரை நிறுத்தலாமா?

வரலாற்று ஆய்வாளர்:
எனக்கு 'தணிவு'தான் உறுத்துகிறது. தணிதல் தன்வினை. வெயில் தணிகிறது, காய்ச்சல் தணிகிறது. யாரும் செய்ய வேண்டியதில்லை. தெதாந்த் அப்படித் தானாக வந்ததல்ல. 1970 ஆகஸ்ட் 12 அன்று மேற்கு ஜெர்மனியின் தலைமை அமைச்சர் வில்லி பிராண்ட் சோவியத்துடனான உடன்படிக்கையில் மாஸ்கோவில் கையெழுத்திட்டார். 1975 ஆகஸ்ட் 1 அன்று ஹெல்சிங்கியில் ஐரோப்பியப் பாதுகாப்பு, ஒத்துழைப்பு உடன்பாட்டில் 35 நாடுகள் கையெழுத்திட்டன. ஒவ்வொரு அடியும் பேரம் பேசி எடுத்து வைத்தது. அதனால் பிறவினையிலிருந்து 'தணிப்பு' என்க.

ஆயுதம் குறைந்தது என்ற எண்ணத்தையும் சொல் தரக்கூடாது. 1972 சால்ட்டின் இடைக்கால உடன்பாடு, கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணைகளின் ஏவுதளங்களை அமெரிக்காவுக்கு 1,054, சோவியத்துக்கு 1,618 என இருந்த இடத்தில் நிறுத்தியது, அவ்வளவே. ஒரே ஏவுகணையில் பல அணுமுனைகளைப் பொருத்த அதில் தடை இல்லை. ஏவுகணை எண்ணிக்கை நின்றது, அணுமுனை எண்ணிக்கை ஏறியது. தணிந்தது உறவின் பதற்றம். ஆயுதக் கிடங்கு அல்ல. ஆகவே 'பதற்றத்' என்ற அடையை வெட்டிவிடாதீர்கள். கியூபாவுக்குப் 'படியிறக்கம்' போதும். மோதல் முற்றுவதற்குப் 'படியேற்றம்' என்று இணைச்சொல்லும் கிடைக்கும்.

சொல்லாய்வாளர்:
தன்வினை, பிறவினை வாதத்தை ஏற்கிறேன். ஆனால் பதற்றம் 'பதறு' என்பதிலிருந்து வருவது, மனத்தின் நடுக்கம். இங்கே நமக்கு வேண்டியது இழுபட்ட நிலை. இயற்பியலார் பரப்பு இழுவிசை என்று சரியாக எழுதுகிறார்கள். அரசியலார் மட்டும் ஏன் பதற வேண்டும்?

கல்லூரி ஆசிரியர்:
எல்லையில் பதற்றம் என்று நாளிதழ் எழுதாத வாரம் இல்லை. வேர் எதுவானாலும் வழக்கு அந்தப் பொருளை ஏற்றிவிட்டது.

வரலாற்று ஆய்வாளர்:
சொல் தளர்ந்தால் என்ன ஆகும் என்பதற்கு அந்தக் காலத்திலேயே சான்று உண்டு. 1971 செப்டம்பர் 3 அன்று பெர்லின் பற்றி நான்கு வல்லரசுகள் செய்த உடன்பாட்டுக்கு ஆங்கிலம், பிரெஞ்சு, ரஷ்யப் படிகள் மட்டுமே அதிகாரபூர்வம். ஜெர்மன் படி இல்லை. மேற்கு பெர்லினுக்கும் மேற்கு ஜெர்மனிக்கும் உள்ள உறவைக் குறிக்கும் சொல்லை மேற்கு ஜெர்மனியின் பான் நகர அரசு 'பிண்டுங்கன்' என்றது, அதாவது பிணைப்புகள். கிழக்கு பெர்லினிலிருந்த கிழக்கு ஜெர்மனி அரசு 'ஃபெர்பிண்டுங்கன்' என்றது, அதாவது வெறும் தொடர்புகள், சாலை, ரயில் போல. ஒரு முன்னொட்டில் நகரத்தின் நிலையே மாறிவிடும். அந்த வழக்கு தீரவே இல்லை.

மொழிபெயர்ப்பாளர்:
சொற்றொடர்களில் வைத்துப் பார்த்தேன். 'பதற்றத் தணிப்புக் கொள்கை', 'பதற்றத் தணிப்புக் காலம்' தடையின்றி ஓடுகின்றன. '1976 தேர்தலில் அமெரிக்க அதிபர் ஃபோர்டு பதற்றத் தணிப்பு என்ற சொல்லையே கைவிட்டு, வலிமை வழி அமைதி என்றார்' என்பதும் புரிகிறது. 'நாணிறக்கம் என்ற சொல்லைக் கைவிட்டார்' என்றால் அடிக்குறிப்பு வேண்டும். மூவர் 'பதற்றத் தணிப்பு' பக்கம் என்பதால் அதையே ஏற்றுகிறேன். படியிறக்கமும் உள்ளே.

சொல்லாய்வாளர்:
ஏற்றுங்கள் அம்மா. என் மறுப்பு மடலில் இருக்கட்டும். ஆனால் அடுத்த பத்தியையும் பார்த்துவிடுங்கள். 1979 டிசம்பரில் சோவியத் படை ஆப்கானிஸ்தானுக்குள் நுழைந்தது. அடுத்த உடன்பாடான சால்ட் 2 ஒப்புதலைத் தள்ளிவைக்குமாறு 1980 ஜனவரியில் அமெரிக்க அதிபர் கார்ட்டர் செனட்டைக் கேட்டார். என் சொல்லில் அது மீண்டும் நாணேற்றம். தணிப்புக்கு எதிர்ச்சொல்லாக என்ன எழுதப் போகிறீர்கள்?