போக சக்தி அம்மன்: பழைய ஆல்பங்களைக் கொஞ்சம் புரட்டுங்கள்

எல்லோருக்கும் வணக்கம்.

பங்குனி உத்திரத்துக்கு ஊருக்குப் போனபோது, நம் கோயில் போக சக்தி அம்மன் செப்புத் திருமேனியைப் பற்றிப் பெரியப்பா மறுபடியும் ஆரம்பித்தார். "இப்ப இருக்கிறவ அவ இல்லடா. அவளுக்கு இடது சுண்டுவிரல் நுனி தேஞ்சிருக்கும்." இத்தனை வருஷமும் சிரித்துவிட்டுப் போய்விடுவேன். இந்தத் தடவை சிரிப்பு வரவில்லை.

காரணம், கும்பகோணம் பக்கத்துச் சுந்தரப்பெருமாள்கோவில் திருமங்கையாழ்வார். ஆக்ஸ்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தின் ஆஷ்மோலியன் அருங்காட்சியகம் 1967-இல் ஏலத்தில் வாங்கிய செப்புத் திருமேனி. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தார் 1957-இல் எடுத்த படத்தில் அதே ஆழ்வார் கோயிலில் நிற்பதை ஓர் ஆய்வாளர் கண்டுபிடித்தார். விசாரித்தால், ஊரில் பூசை நடந்துகொண்டிருந்தது நகலுக்கு! திருப்பித் தரப் பல்கலைக்கழகம் 2024-இல் ஒப்புக்கொண்டது.

ஒரு படத்தை வைத்து எப்படி அடித்துச் சொல்கிறார்கள்? மெழுகில் உருவம் பிடித்து, மேலே மண் பூசி, சூடாக்கி, மெழுகு வடிந்த இடத்தில் உலோகத்தை ஊற்றுவார்கள். ஆறியதும் மண்ணை உடைத்துத்தான் சிலையை வெளியே எடுக்க முடியும். ஒரு அச்சுக்கு ஒரே சிலை. அதனால் ஆரத்தின் மடிப்பு, விரலின் வளைவு, பீடத்தின் பள்ளம் எதுவும் இன்னொன்றில் அப்படியே வராது.

மண்ணுக்குள் புதைந்து கிடந்து, பிறகு லண்டனுக்குக் கடத்தப்பட்ட பத்தூர் நடராசர் வழக்கில் சிலையில் ஒட்டியிருந்த மண்ணும் கறையான் தடமும்கூட லண்டன் நீதிமன்றத்தில் சாட்சி சொன்னது. 1991-இல் நடராசர் இந்தியா திரும்பினார். நம் அம்மன் மண்ணுக்குள் கிடந்தவள் இல்லை. நமக்குப் படம் ஒன்றுதான் வழி.

திருவிழாப் படம் உதவாது. பட்டும் மாலையும் சாத்தியபின் முகம் மட்டும்தானே தெரியும்? அபிஷேகத்தின்போது எடுத்தது வேண்டும். 1980-க்கு முந்தைய கும்பாபிஷேகம், காதுகுத்து, அறுபதாம் கல்யாணம், எதுவானாலும் சரி. படத்தை ஆல்பத்திலிருந்து பிய்க்காதீர்கள், பின்பக்கத் தாள் கிழிந்துவிடும். ஜன்னல் வெளிச்சத்தில் அப்படியே போனில் எடுத்து அனுப்புங்கள்.

அப்புறம், இப்போதைக்குக் குருக்களிடம் யாரும் வாய் திறக்க வேண்டாம். பாவம், அவர் வந்தே ஆறு வருஷம்தான் ஆகிறது.

எங்கள் வீட்டில் தேடியதில் ஒரே ஒரு அபிஷேகப் படம் கிடைத்தது. பால்குடம், தீபம், கூட்டம் எல்லாம் இருக்கிறது. அம்மன் இருக்க வேண்டிய இடத்தை மறைத்துக்கொண்டு பெரியப்பாவின் முதுகு.