உதவி: கதையில் ஏக்கத்திலிருந்து உண்டாகும் பொடி, விதி நிற்கவில்லை

உப்புக்காற்று:
வணக்கம். ஒரு மாயக்கதை எழுதுகிறேன். அதில் பிரிவில் வாடுகிறவர்களின் தோலில் மஞ்சளாக ஒரு பொடி படியும். அதை விளக்கில் தூவினால் எண்ணெய் இல்லாமலே விடியும்வரை எரியும். ஒன்பதாம் அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டேன். துக்கம்தான் மூலப்பொருள் என்றால் ஜமீன்தார் ஊரையே அடித்து அழவைத்து மூட்டை மூட்டையாக அள்ளிவிடுவாரே? ஒருவருக்கு ஆயுளில் ஒரு படிதான் என்று வைத்துப் பார்த்தேன், ரேஷன் அட்டை மாதிரி ஆகிவிட்டது. இரண்டு மாதமாக ஒரு வரி நகரவில்லை.

கடலோரன்:
அடிக்கிற பிரச்சினைக்கு வழி இருக்கிறது. தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல், அழுகை பிறக்கும் இடம் நான்கு என்கிறது: இளிவு (பிறர் இழிவுபடுத்துவது), இழவு (இழப்பு), அசைவு (தளர்ச்சி), வறுமை. அடித்து வரவழைக்கும் கண்ணீர் இளிவில் பிறந்தது. உங்கள் பொடிக்கு வேண்டியது ஏக்கம். சரக்கே வேறு என்று வைத்துவிடுங்கள்.

உப்புக்காற்று:
நன்றி அண்ணா, பாதி தீர்ந்தது. ஆனால் ஜமீன்தார் கணவன்மாரைப் பிடித்து உப்பளத்தில் அடைத்துவிட்டால்? அப்போது வருவது ஏக்கம்தானே.

ஊருணிக்கரை:
தம்பி, நீங்கள் சொல்லும் பொடி நம்மிடம் ஏற்கனவே இருக்கிறது. பசலை, பிரிவில் வாடும் பெண்ணின் மேனியில் படரும் நிறமாற்றம். குறுந்தொகை 399இல் பரணர் அதை ஊருண்கேணியின் பாசியோடு ஒப்பிடுகிறார்: காதலர் தொடத் தொட நீங்கும், விட விடப் பரவும். எங்கள் ஊர் ஊருணியில் குடத்தால் பாசியை ஒதுக்கித்தான் தண்ணீர் மொள்வோம். குடத்தை எடுத்த மறுகணம் மூடிக்கொள்ளும். நேரில் பார்த்தவர் எழுதிய பாட்டு அது. இதையே விதியாக வையுங்கள். காதலன் கை பட்டால்தான் பசலை அசையும். ஜமீன்தார் ஆட்கள் அரிவாளால் சுரண்டினாலும் ஒரு துகள் வராது.

உப்புக்காற்று:
ஆனால் அவன் தொட்டதும் மறைந்துவிடுமே அக்கா! அப்புறம் விளக்குக்கு எங்கே போவேன்?

ஊருணிக்கரை:
குறள் 1187 பாருங்கள். தழுவிக் கிடந்தவள் சற்றே விலகுகிறாள். அந்த அளவிலேயே பசப்பு, அதாவது பசலை, அள்ளிக்கொள்வது போல் வந்துவிடுகிறது. அள்ள முடிவது அந்த ஒரு கணத்தில்தான். பிரிந்தே கிடந்தால் தோலோடு ஒட்டியிருக்கும். சேர்ந்தே இருந்தால் இல்லவே இல்லை. சேர்ந்து, விலகும் நொடியில் மட்டும் உதிரும்.

கடலோரன்:
அப்படியானால் பொடி வேண்டுமென்றால் ஜமீன்தாரே அவனை வீட்டுக்குக் கூட்டிவர வேண்டும்! குறள் 1183ஐயும் சேர்த்துக்கொள்ளுங்கள். சாயலையும் நாணத்தையும் எடுத்துக்கொண்டு, கைம்மாறாக நோயையும் பசலையும் தந்து போனான் என்கிறாள். ஒவ்வொரு அள்ளலுக்கும் அவளிடமிருந்து ஏதாவது ஒன்று போகட்டும்.

உப்புக்காற்று:
மூன்று நாள் கழித்து வருகிறேன். அத்தியாயம் முடிந்தது. காவலர்கள் அவனை ஓர் இரவுக்குக் கூட்டிவருகிறார்கள். தட்டோடு வாசலில் காத்திருக்கிறார்கள். முதல் கோழி கூவுகிறது, இரண்டாவதும் கூவுகிறது. உள்ளே அவள் அவன் கையை விடவேயில்லை. தட்டு காலியாகவே இருக்கிறது. அடுத்து ஜமீன்தார் என்ன செய்வார் என்று இன்றிரவு எழுத உட்காருகிறேன். இருவருக்கும் மனமார்ந்த நன்றி.