எமரிவில் பே ஸ்ட்ரீட் மால் வாசலில் ஏன் போராட்டம்? அந்த இடத்தில் முன்பு என்ன இருந்தது?

மீனா_ஓக்லண்ட்:
எல்லோருக்கும் வணக்கம். நாங்கள் கலிபோர்னியாவில் உள்ள ஓக்லண்டுக்கு வந்து ஏழு மாதம் ஆகிறது. தாங்க்ஸ்கிவிங்குக்கு மறுநாள், மகளுக்குக் குளிர்கோட்டு வாங்கப் பக்கத்து ஊரான எமரிவில்லில் இருக்கும் பே ஸ்ட்ரீட் மாலுக்குப் போனோம். ஓலோனி வே முனையில் ஒரு கூட்டம் மேளம் தட்டிப் பாடிக்கொண்டு நின்றது. வயதான ஓர் அம்மா துண்டுச்சீட்டு கொடுத்தார். இது எங்கள் முன்னோர்களின் இடுகாடு, இங்கே பொருள் வாங்காதீர்கள் என்று அதில் இருந்தது. மூன்றாம் வகுப்புப் படிக்கும் என் மகள் அதைப் படித்துவிட்டு உள்ளே வரமாட்டேன் என்றாள். திரும்பி வந்துவிட்டோம். அமெரிக்காவில் எந்த இடம்தான் இன்னொருவருடையதாக இல்லாமல் இருந்தது என்கிறார் என் கணவர். இடுகாடு என்பது உண்மையா? தெரிந்தேதான் கட்டினார்களா? எப்படி அனுமதி கிடைத்தது?

ஓடைக்கரையான்:
உண்மைதான் மீனா. தெரிந்தேதான் கட்டினார்கள்.

நான் 2005 முதல் எமரிவில்லில் இருக்கிறேன். முதல் இரண்டு வருடம் அங்கே வாராவாரம் சினிமாவுக்குப் போனவன். அந்தத் தெருவுக்கு ஏன் ஷெல்மவுண்ட் ஸ்ட்ரீட் என்று பெயர் என ஒரு நாளும் யோசிக்கவில்லை. ஷெல்மவுண்ட் என்றால் கிளிஞ்சல் மேடு. டெமெஸ்கல் ஓடை சான் பிரான்சிஸ்கோ வளைகுடாவில் சேரும் இடத்தில் அறுபதடிக்கு ஒரு மேடு இருந்தது. சாப்பிட்டுப் போட்ட மட்டி, சிப்பி ஓடுகள், அடுப்புச் சாம்பல், மண், அவற்றுக்குள் இறந்தவர்கள். வளைகுடாவைச் சுற்றி இப்படி 425 மேடுகளை நெல்ஸ் நெல்சன் என்ற தொல்லியலாளர் 1909இல் வரைபடத்தில் குறித்தார். எமரிவில் மேடு அவற்றில் மிகப் பெரியவற்றுள் ஒன்று. ஏறத்தாழ 2,800 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே மனிதர்கள் குடியிருந்தார்கள். இந்த வளைகுடாப் பகுதியின் பழங்குடிகளான ஓலோனி மக்களின் முன்னோர்கள் அவர்கள். சில எழுத்துகளில் இதைக் குப்பைமேடு என்று பார்ப்பீர்கள். அந்தச் சொல்லைக் கண்டாலே எனக்கு ஆறாது. பெற்ற பிள்ளையை யாரும் குப்பையில் புதைப்பதில்லை.

1876இல் அதைச் சுற்றிப் பொழுதுபோக்குப் பூங்கா போட்டார்கள். மேட்டின் உச்சியில் நடன மண்டபம்! 1902இல் மாக்ஸ் ஊலே என்ற தொல்லியலாளர் தோண்டினார், 1906இல் நெல்சன் தோண்டினார். 1924இல் பூங்காவை மூடிவிட்டு மேட்டையே இயந்திரம் வைத்து வெட்டித் தரைமட்டமாக்கினார்கள். அந்த வேலையில் மட்டும் எழுநூறு பேர் அளவில் எலும்புகள் கிடைத்தன. அப்புறம் அந்த இடத்தில் சாயப்பொடி ஆலை வந்தது. 1990களின் கடைசியில் ஆலையை இடித்து, கெட்டுப்போன மண்ணை அள்ளும்போதுதான் மேட்டின் அடிப்பகுதி தரைக்குக் கீழே அப்படியே இருந்தது தெரிந்தது. மறுபடியும் நூற்றுக்கணக்கில் எலும்புக்கூடுகள். வேலை நிற்கவில்லை. 2002இல் மால் திறந்துவிட்டது.

அனுமதி எப்படி என்று கேட்டீர்கள். 1990இல் பழங்குடியினரின் புதைகுழிகளைக் காக்க ஒரு கூட்டரசுச் சட்டம் வந்தது. ஆனால் அது கூட்டரசு நிலத்துக்கும், பழங்குடி நிலத்துக்கும், கூட்டரசுப் பணம் வாங்கும் அருங்காட்சியகங்களுக்கும்தான். கலிபோர்னியாச் சட்டப்படி எலும்பு கிடைத்தால் கவுண்டி மரண விசாரணை அதிகாரியிடம் சொல்ல வேண்டும். பழங்குடியினருடையது என்றால் மாநில ஆணையம் ஒரு வம்சாவளிப் பிரதிநிதியைக் குறிப்பிடும். எலும்பை எப்படி மரியாதையாக எடுப்பது, எங்கே வைப்பது என்று அவர் யோசனை சொல்லலாம். கட்டாதே என்று சொல்ல அவருக்கு அதிகாரம் இல்லை. பட்டா யார் பெயரிலோ நிலம் அவருக்கு என்று நம் ஊரில் பேசுவார்களே, அதே கதைதான்.

ஓலோனிகளுக்குப் பட்டாவே கிடைக்காமல் போன விதம் இன்னும் கொடுமை. 1851, 1852இல் கலிபோர்னியப் பழங்குடிகளோடு நிலம் ஒதுக்குவதாக அமெரிக்க அரசு 18 ஒப்பந்தங்கள் போட்டுவிட்டு, செனட் ஒன்றைக்கூட ஏற்கவில்லை. 1925இல் குரோபர் என்ற பெரிய மானுடவியலாளர் இந்த மக்கள் நடைமுறையில் அற்றுப்போய்விட்டார்கள் என்று எழுதிவைத்தார். அவர்களின் பேரப்பிள்ளைகளைத்தான் நீங்கள் அந்த முனையில் பார்த்தீர்கள்.

உங்கள் கணவரிடம் ஒன்று கேளுங்கள். பீட்மான்ட் அவென்யூ முடியும் இடத்தில் இருக்கும் மவுன்டன் வியூ கல்லறைத் தோட்டத்தில் நாளை ஒரு மால் கட்ட நகரம் அனுமதிக்குமா?

கருணா_சிவில்:
மண் சுத்திகரிப்பு என் தொழில் என்பதால் சொல்கிறேன். அந்த நிலத்தில் ஈயமும் ஆர்சனிக்கும் கிடந்தன. எமரிவில் சின்ன ஊர். நகர மறுமேம்பாட்டு முகமைதான் நிலத்தை வாங்கிச் சுத்தம் செய்தது. கடை வராவிட்டால் அந்தப் பணம் எங்கிருந்து வரும்? விஷத்தின் நடுவே எலும்புகள் கிடப்பது மட்டும் மரியாதையா? மாலின் தென்கோடியில் ஒரு நினைவிடமும் வைத்திருக்கிறார்கள்.

ஓடைக்கரையான்:
கருணா சார், சுத்தம் செய்தது சரிதான், அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் விஷம் போட்டது ஆலை. அதை எடுத்த செலவுக்கு ஓலோனிகளின் இடுகாட்டையே விலையாக வைத்தது எந்த நியாயம்? அந்த நினைவிடத்துக்கு நான் பல தடவை போயிருக்கிறேன். புல் வளர்த்த சின்ன மேடு, சில பலகைகள். அறுபதடிக்கு ஈடாக அதுதான் மிஞ்சியது.

வேறு வழி இருந்ததா என்றால், பக்கத்து பெர்க்லியைப் பாருங்கள். அங்கும் ஒரு கிளிஞ்சல் மேடு, அதன் மேல் 2.2 ஏக்கர் கார் நிறுத்துமிடம். அடுக்குமாடி கட்ட வந்தார்கள், வழக்கு பல வருடம் நடந்தது, தீர்ப்பும் கட்டுநர் பக்கமே போனது. ஆனாலும் ஓலோனித் தலைவியான கொரினா கூல்டும் மற்றப் பெண்களும் விடவில்லை. 2024 மார்ச்சில் 2.7 கோடி டாலருக்கு அந்த நிலத்தை வாங்கி, ஓலோனிப் பெண்கள் நடத்தும் சோகொரியா தே நில அறக்கட்டளையிடம் கொடுக்க நகர மன்றம் வாக்களித்தது. பணத்தில் 2.55 கோடி அறக்கட்டளையே கொண்டுவந்தது. பே ஸ்ட்ரீட் வாசலில் வருடாவருடம் நிற்பதும் இதே கொரினாவும் அவர் கூட்டாளிகளும்தான்.

மீனா, இந்தப் பக்கம் குடியிருப்பவர்கள் ஷூமி என்ற பெயரில் அந்த அறக்கட்டளைக்கு வருடந்தோறும் ஒரு தொகை கொடுக்கலாம். அவர்கள் மொழியில் ஷூமி என்றால் அன்பளிப்பு. கட்டாயம் இல்லை. வாடகை வீட்டுக்காரர்களுக்கும் கணக்கு உண்டு. நான் கொடுத்துவருகிறேன்.

மீனா_ஓக்லண்ட்:
நன்றி அண்ணா. ஞாயிற்றுக்கிழமை மூவரும் நினைவிடத்துக்குப் போனோம். மகள் எல்லாப் பலகைகளையும் சத்தமாகப் படித்தாள். கல்லறைத் தோட்டக் கேள்விக்குக் கணவர் இன்னும் பதில் சொல்லவில்லை. ஆனால் ஷூமி எவ்வளவு வரும் என்று நேற்று ராத்திரி அவர்தான் கணக்குப் பார்த்தார். அடுத்த வருடம் எத்தனை மணிக்கு வர வேண்டும்?

ஓடைக்கரையான்:
அதே வெள்ளிக்கிழமை, மதியத்துக்குள் வந்துவிடுங்கள். ஓலோனி வே முனையில் நிற்பேன். வளைகுடாக் காற்று நன்றாக அடிக்கும். பாப்பாவுக்குக் கோட்டு வேறு கடையில் வாங்கிவிட்டீர்கள்தானே?